ஜனவரி 4, டோக்கியோ டோம்: ரெஸில் கிங்டம் நேரில் பார்க்கப் போகிறவர்களுக்கு

நியூ ஜப்பான் புரோ ரெஸ்லிங் நடத்தும் ஷோக்களில் ஆண்டிலேயே பெரியது ரெஸில் கிங்டம். ஜனவரி 4, டோக்கியோ டோம். கிழமை எதுவானாலும் தேதி மாறாது. அங்குள்ள ரசிகர்கள் பலர் ஷோவின் பெயரைக்கூடச் சொல்ல மாட்டார்கள், ‘இட்டென் யோன்’ என்று தேதியைத்தான் சொல்வார்கள். நியூ ஜப்பானின் தலையாய பட்டமான ஐடபிள்யூஜிபி ஹெவிவெயிட் பெல்ட்டில் தொடங்கி ஜூனியர், டேக் டீம், எடை வரம்பில்லாத நெவர் ஓப்பன்வெயிட் என்று ஒரே நாளில் பெல்ட் மேட்ச் மேல் பெல்ட் மேட்ச்.

டிரம்ப் கார்டு அடுக்கி விளையாடிய காலத்திலிருந்தே ரெஸ்லிங் பைத்தியம் எனக்கு. 2024இல் ஒரு முறையும் 2026இல் ஒரு முறையும் டோமுக்குப் போய்வந்தேன். முதல் முறை கேட்க ஆளில்லை. டிக்கெட்டுக்கு மூன்று மடங்கு பணம் கொடுத்தேன், தவறான ரயிலில் ஏறினேன், பை நிறைய யென் இருந்தும் டோமுக்குள் ஒரு காபி வாங்க முடியாமல் நின்றேன். இரண்டாம் முறை ஒரு சிக்கலும் இல்லை. இரண்டுக்கும் நடுவில் கற்றதைத்தான் இங்கே வரிசையாக எழுதுகிறேன். இந்திய பாஸ்போர்ட்டில் சென்னையிலிருந்து கிளம்புகிறவரை மனதில் வைத்திருக்கிறேன். சிங்கப்பூர், மலேசிய பாஸ்போர்ட் வைத்திருப்பவர்கள் 4ஆம் பகுதியைத் தாண்டிப் போகலாம்.

1. தேதிகளைப் பின்னாலிருந்து எண்ணுங்கள்

ஷோ ஜனவரி 4. டோக்கியோவில் இறங்கும் நாள் அதிகபட்சம் ஜனவரி 2. ‘3ஆம் தேதி இரவு இறங்கி, தூங்கி எழுந்து ஷோவுக்குப் போய்விடலாம்’ என்ற யோசனை இருந்தால் இப்போதே விட்டுவிடுங்கள். 2024 ஜனவரி 2 மாலை ஹனேடா விமான நிலைய ஓடுபாதையில் இரண்டு விமானங்கள் மோதித் தீப்பிடித்தன. அதைத் தொடர்ந்து ஏராளமான விமானங்கள் ரத்தாயின. நான் தங்கிய விடுதியில் பக்கத்துக் கட்டிலுக்கு வர வேண்டியவர் ஷோ முடிந்த மறுநாள்தான் வந்து சேர்ந்தார். அவர் டிக்கெட் பர்ஸிலேயே இருந்தது.

இன்னொரு கணக்கும் உண்டு. டிசம்பர் 29 முதல் ஜனவரி 3 வரை ஜப்பானில் புத்தாண்டு விடுமுறை. அரசு அலுவலகங்களோடு ஜப்பானியத் தூதரகங்களும் மூடியிருக்கும். விசாவில் ஏதாவது இழுத்தால் டிசம்பர் 28க்குப் பிறகு யாரையும் கேட்க முடியாது.

ஆகவே வரிசை இப்படி வைத்துக்கொள்ளுங்கள். ஆகஸ்டிலிருந்து டிக்கெட் அறிவிப்பில் கண், செப்டம்பர் அக்டோபரில் டிக்கெட்டும் ரத்து செய்யக்கூடிய அறையும், அப்புறம் விமானம், நவம்பரில் விசா. விற்பனை தொடங்கும் நாள் ஆண்டுக்கு ஆண்டு மாறுவதால் நியூ ஜப்பானின் ஆங்கில இணையதளத்தை வாரம் ஒரு முறையாவது பாருங்கள்.

2. டிக்கெட் வாங்கும் வழி

ஜப்பானில் டிக்கெட் விற்பனை மூன்று கட்டமாக நடக்கும். முதலில் ரசிகர் மன்ற உறுப்பினர்களுக்கு. அடுத்து ‘சென்கோ’, அதாவது முன்விற்பனை. இதில் பெரும்பாலும் ‘சூசென்’ என்னும் குலுக்கல் முறைதான். கடைசியில் ‘இப்பான் ஹட்சுபாய்’ எனப்படும் பொது விற்பனை, முந்துகிறவருக்கு முதலிடம். பொது விற்பனை வழக்கமாக அவர்கள் நேரம் காலை 10 மணிக்குத் திறக்கும். நமக்கு அது காலை 6:30. ஜப்பான் நம்மைவிட மூன்றரை மணி நேரம் முன்னால்.

குலுக்கலில் ஒரு விஷயம் தெரிந்திருக்க வேண்டும். கார்டு எண்ணைக் கொடுத்துவிட்டுக் காத்திருக்கிறீர்கள். பெயர் விழுந்தால் உங்களைக் கேட்காமலே பணம் எடுத்துக்கொள்வார்கள். ரத்து செய்ய வழியில்லை. ‘எதற்கும் இருக்கட்டும்’ என்று இரண்டு மூன்று இருக்கை வகைகளுக்குப் போட்டு வைத்தால் எல்லாமே விழுந்துவிடக்கூடும்.

டிக்கெட் பியா, லாசன் டிக்கெட், இ-பிளஸ் என்று பெரிய விற்பனைத் தளங்கள் மூன்று உண்டு. ஜப்பானியப் பக்கங்களில் இரண்டு இடத்தில் நாம் மாட்டிக்கொள்வோம். ஜப்பான் கைபேசி எண் கேட்பார்கள். பெயரைக் கத்தகானா எழுத்தில் கேட்பார்கள். இ-பிளஸ்ஸுக்கு வெளிநாட்டினருக்கென்று தனி ஆங்கிலப் பக்கம் உள்ளது. அதில் மின்னஞ்சலும் வெளிநாட்டுக் கார்டும் போதும். நியூ ஜப்பான் ஆங்கில அறிவிப்பில் வெளிநாட்டு ரசிகர்களுக்கான இணைப்பு இருந்தால் அதை மட்டுமே பயன்படுத்துங்கள்.

கார்டு விஷயம். இந்தியாவில் புதிதாகத் தரும் கார்டுகளில் வெளிநாட்டுப் பரிவர்த்தனை மூடித்தான் இருக்கும். வங்கிச் செயலியில் போய் ‘இணையம்’, ‘வெளிநாடு’ இரண்டையும் திறந்து, வரம்பையும் உயர்த்தி வையுங்கள். விற்பனைக்கு முந்தைய நாளே செய்யுங்கள். காலை 6:31க்கு ஓடிபி வராமல் திரையைப் பார்த்துக்கொண்டிருப்பது நல்ல அனுபவமல்ல.

பெயர் விஷயம் நம் ஊர்க்காரர்களுக்கே உரியது. நமக்கு முன்னெழுத்து உண்டு, குடும்பப் பெயர் கிடையாது. பலருடைய பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர் கட்டம் காலியாகவே இருக்கும். டிக்கெட் தளமோ இரண்டு பெயரும் கேட்கும். ஒரு இடத்தில் அப்பா பெயர், இன்னொரு இடத்தில் முன்னெழுத்து என்று மாற்றி மாற்றிப் போடாதீர்கள். பாஸ்போர்ட்டில் இருக்கும் பெயரையே இரண்டு கட்டத்திலும் போட்டேன், பிரச்சினை வரவில்லை. விமான டிக்கெட்டுக்கு மட்டும் அந்தந்த நிறுவனத்தின் விதியைக் கேட்டுவிட்டுப் போடுங்கள்.

இப்போது பெரிய பள்ளம். மறுவிற்பனைத் தளங்கள். 2024இல் ஆங்கிலத்தில் தேடியபோது முதலில் வந்த தளத்திலேயே வாங்கினேன். மாடி இருக்கைக்கு ரிங் ஓரத்து விலை. வந்து சேர்ந்த சீட்டில் அச்சாகியிருந்த விலையைப் பார்த்தபோதுதான் எவ்வளவு இழந்தேன் என்று தெரிந்தது. பணம் போனதோடு முடியவில்லை. சீட்டில் வேறு யாரோ ஒருவர் பெயர் இருந்ததால் வாசலைத் தாண்டும் வரை நெஞ்சு படபடத்தது. ஜப்பானில் 2019 ஜூன் முதல் டிக்கெட்டைத் தொழிலாகக் கூடுதல் விலைக்கு மறுவிற்பது சட்டப்படி குற்றம். ஓராண்டு வரை சிறை, பத்து லட்சம் யென் வரை அபராதம். அப்படிக் கைமாறிய சீட்டை வாசலில் மறுக்கவும் அவர்களால் முடியும்.

அவ்வளவு அவசரப்படவும் தேவையில்லை என்பதுதான் வருத்தம். 2024 ஷோவுக்கு வந்தவர்கள் 27,422 பேர். 2025இல் 24,107 பேர். டோமில் அதைவிட எவ்வளவோ பேர் உட்காரலாம். சாதாரண ஆண்டுகளில் மாடி இருக்கைகள் கடைசி வாரங்களிலும் கிடைக்கும். 2026 வேறு கதை. நியூ ஜப்பானின் முகமாக இருந்த வீரர் ஹிரோஷி தனஹாஷியின் ஓய்வு ஆட்டம், எதிரில் அவருடைய பழைய போட்டியாளர் கசுச்சிக்கா ஒகாடா. 46,913 பேர், ஒரு சீட்டு மிச்சமில்லை. ஆகவே அந்த ஆண்டு என்ன நடக்கப் போகிறது என்று பார்த்து முடிவெடுங்கள். பெரிய பிரியாவிடை ஏதும் அறிவித்திருந்தால் குலுக்கலிலேயே இறங்கிவிடுங்கள். இல்லையென்றால் பொது விற்பனை வரை பொறுக்கலாம்.

மேட்ச் பட்டியல் முழுதாக வரட்டும் என்று மட்டும் காத்திருக்காதீர்கள். ஜி1 கிளைமாக்ஸ் தொடரை வெல்பவருக்கு டோமில் தலையாய பட்ட ஆட்டம் என்பது 2023 வரை வழக்கமாக இருந்தது; 2024, 2025இல் வென்றவர்கள் அக்டோபரிலேயே அந்த ஆட்டத்தை ஆடிவிட்டார்கள். மற்ற மேட்ச்கள் அக்டோபர், நவம்பர் ஷோக்களில் ஒவ்வொன்றாக அமையும். சில டிசம்பரில்தான் உறுதியாகும்.

3. எந்த இருக்கை

டோம் ஒரு பேஸ்பால் மைதானம். நடுவில் ரிங், வெளிமைதானப் பக்கம் மேடை, மேடையிலிருந்து ரிங்குக்கு நீளமான நடைபாதை. மைதானத் தரையில் போட்ட நாற்காலிகள் ‘அரீனா’. சுற்றி ஏறும் படிவரிசைகள் ‘ஸ்டாண்ட்’, முதல் தளம், இரண்டாம் தளம்.

அரீனா என்ற பெயரில் மயங்க வேண்டாம். தரை சமதளம். ரிங்கை ஒட்டிய வரிசைகள் அருமை, விலையும் பல பத்தாயிரம் யென். ஆனால் பின்வரிசை அரீனாவில் உட்கார்ந்தால் முன்னால் இருப்பவரின் தலைதான் தெரியும். வீரர்கள் பாயில் விழுந்து பிடி போடும்போது நிமிர்ந்து பெரிய திரையைத்தான் பார்க்க வேண்டும். என் தீர்ப்பு: பணம் குறைவாக இருந்தால் அரீனாவின் பின்பகுதியைவிட முதல் தள ஸ்டாண்ட் நூறு மடங்கு மேல். சரிவு இருப்பதால் ரிங் முழுசாகத் தெரியும், நடைபாதையும் தெரியும். இரண்டாம் தளம் மலிவு, தூரம் அதிகம். அங்கே போனால் ஒரு சின்ன பைனாகுலர் எடுத்துப் போங்கள்.

சீட்டில் எல்லாம் ஜப்பானிய எழுத்துதான். நான்கு சொல் தெரிந்தால் போதும். ‘இச்சிருயிகாவா’ முதல் பேஸ் பக்கம், ‘சன்ருயிகாவா’ மூன்றாம் பேஸ் பக்கம், ‘ரெட்சு’ வரிசை, ‘பான்’ இருக்கை எண். இவற்றின் எழுத்து வடிவத்தைப் போனில் படமாக வைத்துக்கொண்டு ஒப்பிட்டால் வழி கேட்கவே வேண்டாம்.

4. விசா

இந்தியர்களுக்குச் சுற்றுலா விசா இப்போது இ-விசாவாகக் கிடைக்கிறது. விண்ணப்பம் விஎஃப்எஸ் மையம் வழியாகத்தான். நான் கொடுத்த ஆவணங்கள்: பாஸ்போர்ட், விண்ணப்பப் படிவம், புகைப்படம், விமான முன்பதிவு, தங்குமிட முன்பதிவு, நாள்வாரியான பயணத் திட்டம், வங்கி அறிக்கை, வருமான வரிக் கணக்கு, வேலை செய்யும் இடத்திலிருந்து விடுமுறைக் கடிதம். புகைப்பட அளவையும் கட்டணத்தையும் விண்ணப்பிக்கும் வாரத்தில் மையத்தின் இணையதளத்தில் ஒரு முறை பார்த்துக்கொள்ளுங்கள். கட்டணம் ஏப்ரல் வாக்கில் திருத்தப்படுவது வழக்கம். மையத்தின் சேவைக் கட்டணம் தனி.

நாள்வாரித் திட்டத்தை அலட்சியமாக எழுத வேண்டாம். ‘டோக்கியோ சுற்றிப் பார்த்தல்’ என்று ஆறு நாளுக்கும் ஒரே வரியை எழுதிய நண்பரிடம் திரும்ப எழுதித் தரச் சொன்னார்கள். ஒவ்வொரு நாளுக்கும் ஊர், இடம், அன்றிரவு தங்கும் முகவரி, தொலைபேசி எண் எழுதுங்கள். ஜனவரி 4க்கு நேரே ‘டோக்கியோ டோம், மல்யுத்த நிகழ்ச்சி’ என்று எழுதி டிக்கெட் வாங்கிய மின்னஞ்சலின் நகலையும் சேர்த்தேன்.

இரண்டு எச்சரிக்கை. ஒன்று, ஒருமுறை நுழைவு விசா, தந்த நாளிலிருந்து மூன்று மாதம்தான் செல்லும். அதற்குள் ஜப்பானில் கால் வைத்தாக வேண்டும். செப்டம்பரிலேயே ஆர்வத்தில் வாங்கிவிட்டால் ஜனவரிக்குள் காலாவதி. நவம்பர் நடுவில் விண்ணப்பிப்பது நல்லது. டிசம்பர் நடுவைத் தாண்ட வேண்டாம்.

இரண்டு, இ-விசாவை விமான நிலையத்தில் இணைய இணைப்புள்ள போனில் நேரடியாகத் திறந்து காட்ட வேண்டும். அச்சுத் தாள், ஸ்கிரீன்ஷாட், பிடிஎஃப் எதுவும் செல்லாது. சென்னையில் போர்டிங் பாஸ் வாங்கும்போதும் கேட்பார்கள், டோக்கியோவில் இறங்கியதும் கேட்பார்கள். சிம் வேலை செய்யாவிட்டால் நிலைய வைஃபையில் இணைத்துவிட்டு வரிசைக்குப் போங்கள். கூடவே ‘விசிட் ஜப்பான் வெப்’ தளத்தில் குடியேற்றம், சுங்கம் இரண்டுக்குமான விவரங்களை ஊரிலேயே நிரப்பி வைத்தால் இறங்கியபின் தாள் நிரப்பும் வேலை மிச்சம்.

5. விமானம், அறை, ரயில்

சென்னையிலிருந்து சிங்கப்பூர், கோலாலம்பூர், பேங்காக், ஹாங்காங் வழியாக மாறிப் போகலாம். ஆண்டு இறுதி என்பதால் விலை ஏறிக்கொண்டேதான் போகும், இறங்கும் என்று காத்திருந்து பயனில்லை.

அறைக்கு சுயிதோபாஷி, கண்டா, அகிஹபாரா, உஎனோ பக்கம் பாருங்கள். டோமுக்கு மிக அருகில் உள்ள நிலையம் சுயிதோபாஷி. கோராகுஎன், கசுகா நிலையங்களும் நடக்கும் தூரம். ஷோ முடிந்து அத்தனை ஆயிரம் பேர் ஒன்றாக நிலையத்துக்குள் நுழைவார்கள். அரை மணி நடையில் அறை இருந்தால் அந்த நெரிசலே உங்களுக்கு இல்லை.

ரயிலில் ஒரு பொறி இருக்கிறது. ஷின்ஜுகுவிலிருந்து வருகிறவர்கள் மஞ்சள் பட்டை போட்ட சூஓ-சோபு ரயிலில் ஏற வேண்டும். ஆரஞ்சுப் பட்டை ரயில் அதே திசையில் வேகமாகப் போகும், சுயிதோபாஷியில் நிற்காது. நான் ஆரஞ்சில் ஏறி, டோமின் வெள்ளைக் கூரை ஜன்னலில் கடந்து போவதைப் பார்த்துக்கொண்டே ஒச்சனோமிசுவில் இறங்கித் திரும்பி வந்தேன். சுயிதோபாஷியில் மேற்கு வாசலில் வெளியே வாருங்கள்.

ஒசாகா, கியோத்தோ பார்த்துவிட்டு டோக்கியோ வருவதாக இருந்தால், ஜனவரி 2 முதல் 4 வரை ஊருக்குப் போனவர்கள் எல்லோரும் டோக்கியோ திரும்பும் நாட்கள். நம் ஊரில் பொங்கல் முடிந்து சென்னை திரும்புவது போல. அந்த விடுமுறையில் நொசோமி புல்லட் ரயில்களில் எல்லா இருக்கையும் முன்பதிவுதான். முன்பே பதிந்து விடுங்கள்.

6. சீட்டைக் கையில் வாங்குவது

எல்லோரும் தடுமாறும் இடம் இது. பணம் கட்டியாகிவிட்டது, ஆனால் சீட்டு இன்னும் கையில் இல்லை. ஜப்பானில் அதைக் கன்வீனியன்ஸ் ஸ்டோரில்தான் வாங்க வேண்டும். உங்கள் மின்னஞ்சலில் எந்தக் கடை என்று இருக்கிறதோ அந்தக் கடைக்கு மட்டும் போங்கள். ஃபேமிலிமார்ட் என்று இருந்தால் லாசனில் கிடைக்காது. எந்தத் தேதியிலிருந்து வாங்கலாம் என்பதும் அதிலேயே இருக்கும்.

செவன்-இலெவன் என்றால் சுலபம். 13 இலக்க எண் ஒன்று தருவார்கள். நேராகக் கல்லாவுக்குப் போய்ப் போன் திரையைக் காட்டினால் போதும், அங்கேயே அச்சிட்டுத் தருவார்கள்.

ஃபேமிலிமார்ட் என்றால் முதலில் நகல் எடுக்கும் பெரிய இயந்திரத்துக்குப் போக வேண்டும். அதில் டிக்கெட் பகுதியைத் தொட்டு, மின்னஞ்சலில் உள்ள இரண்டு எண்களையும் வரிசை மாறாமல் அடிக்க வேண்டும். ஒரு மெல்லிய தாள் வரும். அது சீட்டு அல்ல. அதைக் கல்லாவில் கொடுத்தால்தான் சீட்டு. அந்தத் தாளுக்கு 30 நிமிடம்தான் ஆயுள். இடையில் சாப்பிடப் போய்விட்டால் மறுபடி முதலிலிருந்து. லாசனில் லாப்பி இயந்திரம், முறை ஏறக்குறைய இதே.

2026இல் ஜனவரி 2 இரவு பத்து மணிக்குக் கண்டாவில் ஒரு கடையில் அந்த இயந்திரத்தின் முன் நின்றேன். திரை முழுக்க ஜப்பானிய மொழி. போன் கேமராவின் மொழிபெயர்ப்பு, பொத்தான்களின் பெயரை ஒவ்வொரு முறையும் வேறு வேறாகக் காட்டியது. கல்லாவிலிருந்த இளைஞர் என் திரையில் இருந்த எண்ணைப் பார்த்தார், ஒன்றும் பேசவில்லை, வந்து நான்கு முறை தொட்டார், தாள் வந்துவிட்டது. பிறகு இரண்டு கையாலும் சீட்டை நீட்டி, ஷோவின் பெயரையும் தேதியையும் விரலால் காட்டி, சரியா என்று கண்ணால் கேட்டார். நான் தலையாட்டியதும் உறையில் போட்டுத் தந்தார். கேட்டால் உதவுவார்கள், தயங்காதீர்கள். ஆனால் 4ஆம் தேதி காலை வரை தள்ளாதீர்கள். டோமைச் சுற்றியுள்ள கடைகளில் அன்று இதே வேலைக்கு வரிசை நிற்கும்.

தொலைந்த சீட்டுக்கு மறுபிரதி கிடையாது. வாங்கியதும் முன்னும் பின்னும் படம் எடுத்துவிட்டுப் பாஸ்போர்ட் உறைக்குள் வையுங்கள்.

7. பணம்

டோக்கியோ டோமுக்குள் 2022 முதல் ரொக்கம் வாங்குவதில்லை. தண்ணீர், பீர், சாப்பாடு எல்லாமே கார்டு அல்லது ரயில் அட்டை. நான் காபி வாங்க முடியாமல் நின்றது இதனால்தான். சுயிகா என்னும் ரயில் அட்டை ஒன்று வாங்கி 5,000 யென் ஏற்றி வைத்துவிட்டால் ரயிலுக்கும் ஆகும், டோமுக்குள்ளும் ஆகும்.

வெளியே சின்ன உணவகங்களுக்கு ரொக்கம் வேண்டும். விடுமுறையில் வங்கிகள் மூடியிருக்கும். செவன்-இலெவன் கடை ஏடிஎம்களில் நம் விசா, மாஸ்டர்கார்டு வேலை செய்தது. ஜனவரி 1 முதல் 3 வரை பல உணவகங்களும் விடுமுறை. சைவம் மட்டும் சாப்பிடுகிறவர்கள் ஊரிலிருந்து தயார் உப்புமா, புளிக்காய்ச்சல் எடுத்துப் போவது நல்லது. மீன் சாறு கலக்காத உணவைத் தேடுவதே அங்கே ஒரு வேலை.

8. ஜனவரி 4 அன்று

தொடங்கும் நேரம் ஆண்டுக்கு ஆண்டு மாறும், சீட்டிலேயே இருக்கும். வாசல் திறக்கும் நேரம், முதல் மணி அடிக்கும் நேரம் என்று இரண்டு அச்சிட்டிருப்பார்கள். முன்-ஆட்டங்களையும் விட்டுவிடாதீர்கள். யார் வருவார் என்று தெரியாத ரம்போ கூட்டச் சண்டை பல ஆண்டுகளில் அதில்தான் நடந்தது.

டி-ஷர்ட், துண்டு, நிகழ்ச்சி மலர் வாங்க ஆசை இருந்தால் காலையிலேயே போங்கள். கடை டோமுக்கு வெளியே போட்டிருப்பார்கள், வரிசை நீளம். பிரபல வீரர்களின் டி-ஷர்ட்டில் நடுத்தர அளவுகள்தான் முதலில் தீரும். நியூ ஜப்பானின் சொந்தக் கடையான தோகோன் ஷாப் சுயிதோபாஷியிலேயே இருக்கிறது. 2ஆம், 3ஆம் தேதியில் திறந்திருந்தால் அங்கே வாங்கிவிடுவது நிம்மதி.

வெளியே குளிர், பகலில் பத்து டிகிரி சுற்றி இருக்கும். உள்ளே அவ்வளவு இல்லை. கோட்டை மடித்து மடியில் வைத்துக்கொள்ளும்படி மெல்லிய அடுக்குகளாகப் போட்டுப் போங்கள். பெரிய பெட்டிகளை அறையிலேயே விடுங்கள், அங்குள்ள லாக்கர்கள் மதியத்துக்குள் நிறைந்துவிடும். கேன், கண்ணாடி பாட்டில் உள்ளே விட மாட்டார்கள். பைச் சோதனை உண்டு.

சீட்டில் உள்ள கேட் எண்ணைப் பாருங்கள். டோமைச் சுற்றி எதிர்ப்பக்கம் நடக்கவே பத்து நிமிடம் பிடிக்கும். உள்ளே போனபின் வெளியே வந்து திரும்பலாம் என்று நம்ப வேண்டாம், சாப்பிட்டுவிட்டே நுழையுங்கள். பக்கத்து ஜிம்போச்சோ பழைய புத்தகக் கடைகளுக்கும், சோற்றில் மசாலாக் குழம்பு ஊற்றித் தரும் ‘கர்ரி ரைஸ்’ கடைகளுக்கும் பேர் போன இடம். எது திறந்திருக்கிறது என்று பார்த்துப் போனால் நம் நாக்குக்குக் கொஞ்சம் ஒத்துப்போகும்.

9. உள்ளே

நாலு, ஐந்து மணி நேரம் உட்கார வேண்டும். இடைவேளைக்குக் காத்திருந்து எழுந்தால் கழிவறை வரிசையிலேயே ஒரு மேட்ச் போய்விடும். பட்டியலைப் பார்த்து எந்த ஆட்டத்தின் நுழைவின்போது எழுவது என்று முன்பே முடிவு செய்துகொள்ளுங்கள்.

அந்தக் கூட்டத்தின் ரசனை வேறு. தொடக்கத்தில் இரண்டு பேர் மணிக்கட்டைப் பிடித்துத் திருகிக்கொண்டிருக்கும்போது ஆயிரக்கணக்கானோர் மூச்சுவிடாமல் பார்ப்பார்கள். பிடி விடுபட்டதும் கைதட்டல். அந்த அமைதியில் நாம் கத்தினால் பத்து வரிசைக்குக் கேட்கும். ஆட்டம் சூடேறியதும் பெயர் சொல்லிக் கூவலாம், தரையில் காலால் உதைக்கலாம், யாரும் தவறாக எடுக்க மாட்டார்கள். ஆட்டம் நடக்கும்போது எழுந்து நிற்க வேண்டாம். பின்னால் இருப்பவர் எதுவும் சொல்ல மாட்டார், ஆனால் அவருக்கு ரிங் மறைந்திருக்கும். படம், வீடியோ எடுக்கும் விதியை அறிவிப்புப் பலகையில் பாருங்கள். குப்பையைக் கையோடு எடுத்து வந்து வாசல் தொட்டியில் போடுவார்கள்.

2026இல் ஒகாடா ஆட்டம் முடிந்து தனஹாஷியின் ஓய்வு விழா தொடங்கியபோது, என் இடப்பக்கம் அறுபது வயது மதிக்கத்தக்க அம்மா ஒருவர் ஒரு பழைய துண்டை விரித்தார். நிறம் மங்கி ஓரம் பிரிந்திருந்தது. விழா முடியும் வரை தலைக்கு மேல் பிடித்திருந்தார், கை நடுங்கியும் இறக்கவில்லை. கடைசி வண்டியைப் பிடிக்க வேண்டும் என்று முன்னதாக எழுந்து ஓடாதபடி, அன்றிரவு அறையை நடக்கும் தூரத்தில் வையுங்கள் என்று சொன்னது இதற்காகத்தான்.

வெளியேறும்போது ஒன்று. டோமின் கூரை காற்றழுத்தத்தில் நிற்கிறது, உள்ளே அழுத்தம் வெளியைவிட 0.3 விழுக்காடு அதிகம். கதவைத் தாண்டும் நொடியில் முதுகில் காற்று ஆளையே தள்ளும். தொப்பி, காகிதப் பை, நிகழ்ச்சி மலர் எல்லாவற்றையும் இறுக்கிப் பிடியுங்கள்.

10. செலவு

2026இல் எனக்கு ஆனது இது, ஒரு யென் ஏறத்தாழ 58 பைசா கணக்கில். விமானம் 68,000 ரூபாய். ஆறு இரவு சின்ன பிசினஸ் ஹோட்டல் 36,000. முதல் தள ஸ்டாண்ட் டிக்கெட், தளத்தின் கட்டணமும் கடையில் அச்சுக் கட்டணமும் சேர்த்து ஏறத்தாழ 10,000. சாப்பாடு, ரயில், சிம் எல்லாம் 22,000. டி-ஷர்ட்டும் துண்டும் நிகழ்ச்சி மலரும் 7,000. விசா, காப்பீடு தனி. ஒன்றரை லட்சம் கையில் இருந்தால் போய்வரலாம். தங்கும் விடுதியில் கட்டில் எடுத்தால் இருபதாயிரம் குறையும். டிக்கெட்டில் மிச்சம் பிடிக்கப் பார்க்காதீர்கள், அதற்காகத்தானே போகிறோம்.

11. அந்த வாரத்தில் இன்னும் என்ன பார்க்கலாம்

இவ்வளவு தூரம் போய் ஒரே ஷோவோடு திரும்ப வேண்டாம். ஜனவரி 1 அன்று புரோ ரெஸ்லிங் நோவா என்னும் இன்னொரு அமைப்பு பெரிய ஷோ நடத்துவது வழக்கம், 2025இலும் 2026இலும் நிப்பான் புடோகானில். ஆல் ஜப்பான் அமைப்பின் ஷோக்கள் 2, 3 தேதிகளில் கோராகுஎன் ஹாலில். அதே ஹாலில் 4ஆம் தேதி பகலில் டோக்கியோ ஜோஷி புரோ என்னும் பெண்கள் அமைப்பின் ஷோ. கோராகுஎன் ஹால் டோமை ஒட்டிய கட்டடத்தில் ஐந்தாம் மாடி. இரண்டாயிரம் பேர்கூடக் கொள்ளாத இடம், கடைசி வரிசையிலும் மார்பில் விழும் அறை காதில் கேட்கும். பகலில் அங்கே, மாலையில் டோம் என்று பலரும் செய்கிறார்கள். இரண்டின் நேரமும் மோதவில்லையா என்று மட்டும் பார்த்து வாங்குங்கள்.

டோமுக்குப் பிந்தைய நியூ இயர் டாஷ் ஷோவையும் சேர்த்துக்கொள்ளுங்கள். மேட்ச் பட்டியலே அறிவிக்க மாட்டார்கள், அரங்குக்குப் போனபின்தான் தெரியும். ஆண்டின் அடுத்த பகைகள் அங்கேதான் தொடங்கும். இடம் மாறும். 2024இல் கோராகுஎன் ஹால், 2026இல் ஓட்டா நகர உடற்பயிற்சி அரங்கம். டிக்கெட் சீக்கிரம் தீரும் என்பதால் டோம் டிக்கெட் வாங்கும் அன்றே இதன் விற்பனைத் தேதியையும் குறித்துக்கொண்டு, திரும்பும் விமானத்தை ஜனவரி 7க்கு முன்னால் போடாதீர்கள்.